பட்டமும் பதவியும்: மைசூர் வழக்கு முதல் தரமணி வழக்கு வரை (1963 – 2009)

முன்னுரை

பொதுப் பதவியில் ஒருவர் எவ்வுரிமையின்பேரில் அமர்ந்துள்ளார் எனக் கேட்கும் ‘தகுதி வினவும் நீதிப்பேராணை’யை அரசமைப்பின் 226ஆம் உறுப்பின்கீழ் உயர் நீதிமன்றங்கள் பிறப்பிக்கலாம். நியமனம் பெற்றவரின் பட்டம் ஐயத்துக்குள்ளாகும்போது, அதன் மதிப்பை அறுதியிட்டுச் சொல்ல வேண்டியவர் கல்வியாளரா, நீதிபதியா என்னும் சிக்கல் எழுகிறது. இரு தீர்ப்புகளின்வழி இச்சிக்கலையும், இரண்டாம் தீர்ப்பைத் தமிழக அரசு செயற்படுத்திய முறையையும் இக்கட்டுரை ஆராய்கிறது.

மைசூர் வழக்கு

பெங்களூர் மத்தியக் கல்லூரியின் ஆங்கில ஆய்வு இணைப்பேராசிரியர் பதவிக்கு முதல் வகுப்பு அல்லது ‘உயர் இரண்டாம் வகுப்பு’ முதுகலைப் பட்டமோ, அதற்கு நிகரான அயல்நாட்டுத் தகுதியோ வேண்டப்பட்டது. நியமிக்கப்பட்டவர் இந்திய முதுகலைத் தேர்வில் பெற்றது 50.2 விழுக்காடு, இங்கிலாந்தின் டர்ஹாம் பல்கலைக்கழக முதுகலைப் பட்டமும் அவருக்கிருந்தது. மைசூர் உயர் நீதிமன்றம் நியமனத்தை நீக்கியது. உச்ச நீதிமன்றம் 1963 ஆகஸ்டில் அத்தீர்ப்பை மாற்றி, வல்லுநர் குழுவின் மதிப்பீட்டில் நீதிமன்றங்கள் எளிதில் தலையிடலாகாது என்றது. ‘உயர்’ என்பதற்கு வரையறை ஏதும் இல்லாத நிலையில் இது பொருத்தமான முடிவே.

தரமணி வழக்கு

சென்னை தரமணியிலுள்ள திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தின் முதல்வராக நியமிக்கப்பட்டவர், இளங்கலைப் பட்டம் பெறாமலேயே அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் திறந்தநிலை முறையில் முதுகலை முடித்தவர். சென்னை உயர் நீதிமன்றம் அத்தகுதியை ஏற்காததால் பல்கலைக்கழகமே மேல்முறையீடு செய்தது. தொலைநிலைக் கல்விக் குழு பின்னர் அளித்த ஒப்புதல் அதன் முதன்மை வாதங்களுள் ஒன்று.

2009இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. முதல் பட்டம் பெறாதவரை முதுகலையில் சேர்க்கலாகாது என்னும் பல்கலைக்கழக மானியக் குழுவின் 1985ஆம் ஆண்டு ஒழுங்குமுறை, திறந்தநிலைப் பல்கலைக்கழகங்களையும் கட்டுப்படுத்தும். பின்னேற்பால் அக்குறை நீங்காது என்பது தீர்ப்பின் சாரம்.

இரு தீர்ப்புகளும் முரண்படுவதாகத் தோன்றலாம். மைசூரில் ஐயம் பட்டத்தின் தரத்தைப் பற்றியது. தரமணியில் பட்டத்துக்கு இட்டுச்சென்ற வழியைப் பற்றியது. முன்னதை வல்லுநர் மதிப்பிடலாம். பின்னதைச் சட்டமே வரையறுத்துவிட்டபின் மதிப்பிட எதுவும் எஞ்சுவதில்லை.

அரசாணை எண் 107

பணியாளர் மற்றும் நிருவாகச் சீர்திருத்தத் துறை 18.08.2009இல் வெளியிட்ட அரசாணை (நிலை) எண் 107, பத்தாம் வகுப்பும் மேல்நிலைத் தேர்வும் முடித்தபின் திறந்தநிலையில் பெற்ற பட்டங்களையே அரசுப் பணிக்கு ஏற்றது. ஆய்வாளர் போதிய கவனம் செலுத்த வேண்டிய இடம் இதுவே. தரமணி வழக்கின் சிக்கல் இளங்கலையற்ற முதுகலை. பள்ளிப்படிப்பற்ற இளங்கலை அங்கு வழக்குப் பொருளன்று. தவிரவும், 21 வயது நிரம்பியவர் முறையான பள்ளிக்கல்வி இன்றியும் நுழைவுத் தேர்வு எழுதி இளங்கலையில் சேர அதே 1985ஆம் ஆண்டு ஒழுங்குமுறை இடமளித்திருந்தது. அரசாணை தீர்ப்பின் எல்லையைக் கடந்தது என்றே கொள்ள வேண்டும்.

நெசவுக்குப் பெயர்பெற்ற அனகாபுத்தூரில், பள்ளியை இடைநிறுத்தித் தறிக்குச் சென்ற ஒருவர் இவ்வழியில் இளங்கலை முடித்ததாகக் கொள்வோம். மானியக் குழுவின் விதிப்படி அவர் பட்டதாரி, முதுகலையிலும் சேரலாம். அரசாணையின்படியோ, பட்டப்படிப்பைத் தகுதியாகக் கொண்ட அரசுப் பணி எதற்கும் அவர் விண்ணப்பிக்க இயலாது.