அந்த ஒரு தோல்வி

தொடர்ந்து 181 முறை ஜெயித்த ஒருத்தர், 182-வது போட்டியில் மண்ணைக் கவ்வினால் எப்படி இருக்கும்?

அமெரிக்க மல்யுத்த வீரர் டான் கேபிளுக்கு அதுதான் நடந்தது. பள்ளி, கல்லூரி இரண்டிலும் தோல்வியே கிடையாது. 1970-ல் கல்லூரி வாழ்க்கையின் கடைசிப் போட்டியில் லாரி ஓவிங்ஸ் என்பவர் அவரை 13–11 என்று வீழ்த்திவிட்டார்!

நாமாக இருந்தால் போர்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு படுத்திருப்போம். கேபிளோ முன்னைவிட வெறியோடு பயிற்சியில் இறங்கினார். 1972 மியூனிக் ஒலிம்பிக்கில் ஆறு போட்டிகள். எவருக்கும் ஒரு பாயிண்ட்கூட விட்டுக்கொடுக்காமல் தங்கம்!

அதே வெறியை மாணவர்களுக்கும் ஊட்டினார். 1976-ல் அயோவா பல்கலைக்கழகத்தின் தலைமை கோச். 1978-லிருந்து வரிசையாக ஒன்பது தேசியப் பட்டங்கள். 1987-ல் பத்தாவதைத் தட்டிப் பறித்தது யார் தெரியுமா? அவர் படித்த அயோவா ஸ்டேட் பல்கலைக்கழகமேதான்! அடுத்த பட்டத்துக்கு 1991 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. மனுஷர் அசரவில்லை.

அவருடைய மாணவர் டாம் பிராண்ட்ஸ் 1996 அட்லாண்டா ஒலிம்பிக்கில் தங்கம் வென்றார். பிறகு 2006-ல் அதே அயோவாவுக்கே தலைமை கோச்சாக வந்தார். குருவின் சிலை 2012-ல் அரங்க வாசலில் எழுந்தது.

1997, கோச்சாக கேபிளின் கடைசி சீசன். தேசியப் பட்டம் அயோவாவுக்கே... அவருக்கு அது 15-வது! இந்தக் கடைசியில் மட்டும் அவர் தோற்கவில்லை, பாருங்கள்.