ஆணையர் நில அளவை

பக்கத்து நிலக்காரர்களின் எல்லைத் தகராறில், நீதிமன்ற உத்தரவின்படி நடக்கும் அளவீடு. 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 75ஆம் பிரிவும் 26ஆம் கட்டளையின் 9ஆம் விதியும் இதற்கு இடமளிக்கின்றன. தமிழ்நாட்டில் பெரும்பாலும் வழக்கறிஞர் ஒருவரே ஆணையர். அளப்பவர் அவருக்குத் துணையாக வரும் அரசு சர்வேயர். செலவை முதலில் கட்டுபவர் மனு போட்டவர்.

இரு தரப்புக்கும் முன்னறிவிப்பு கொடுத்தே அளக்க வேண்டும். கையில் புலப்படம், பத்திரங்கள். சர்வே கற்களைத் தேடுவதே பாதி வேலை. வரப்பு நகர்வதுபோல் கல்லும் நகர்ந்திருக்கும், சில இடங்களில் காணாமலே போயிருக்கும். அப்போது கலையாத வேறு கற்களிலிருந்து அளந்துதான் எல்லையைப் பிடிக்க வேண்டும். பழைய கணக்குகள் 66 அடி, 100 கண்ணி கொண்ட கன்டர் சங்கிலியில் இருப்பதால், மீட்டருக்கு மாற்றுகையில் கவனம் தேவை. பத்திரம் ஓர் அளவும் புலப்படம் வேறோர் அளவும் சொல்லும்போதுதான் சிக்கல் முற்றுகிறது.

ஆணையரின் அறிக்கையும் வரைபடமும் 10ஆம் விதிப்படி சாட்சியமாகும், ஆனால் தீர்ப்பாகாது. ஆட்சேபம் எழுப்பலாம், நீதிமன்ற அனுமதியுடன் ஆணையரை விசாரிக்கலாம், மறு அளவையும் கேட்கலாம். நிலம் யார் அனுபவத்தில் இருக்கிறது என்று முடிவு செய்வது ஆணையர் வேலையல்ல. எல்லை வரையறுப்பே பிரச்சினையாக இருந்த அரியானா வக்பு வாரிய வழக்கில் (2008), ஆணையரை நியமித்திருக்க வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம்.