தகேஷி சகமோத்தோ

தகேஷி சகமோத்தோ (1899–1974), ஜப்பானின் ஹியோகோ மாகாணத்தில் பிறந்த குணசித்திர நடிகர். ஷோச்சிகு நிறுவனத்தின் கமாதா படப்பிடிப்பு நிலையத்தில் வளர்ந்தவர். இயக்குநர் யசுஜிரோ ஓசுவின் படங்களில் ஏற்ற 'கிஹாச்சி' வேடத்தால் நினைவுகூரப்படுகிறார்.

ஜப்பானின் வெற்றிகரமான முதல் பேசும்படம் 1931-இல் வெளிவந்தது. ஆனால் திரையரங்கில் கதை சொன்ன பென்ஷிகளுக்கு இருந்த செல்வாக்கால் ஊமைப்படம் சட்டென்று மறையவில்லை. ஓசுவும் 1936 வரை பேசும் கதைப்படம் எடுக்கவில்லை. சகமோத்தோவின் உச்சம் இந்த இடைவெளியில்தான் அமைந்தது.

1932-இல் 'உமாரெதெ வா மிதா கெரெதோ' படத்தில் முதலாளியாக வந்தவர், மறு ஆண்டே 'தெகிகொகொரோ'வில் கிஹாச்சி என்ற எழுத்தறியாத மதுபானத் தொழிற்சாலைக் கூலியாக நாயகனானார். நடுவயதுத் தகப்பனாக நடித்தபோது அவர் முப்பதுகளில்தான் இருந்தார். தொடக்கக் காட்சியில் யாரோ தவறவிட்ட பணப்பையை எடுத்துப் பார்க்கிறார், உள்ளே ஒன்றுமில்லை. ஆனாலும் தன்னுடையதைவிடப் பெரிது என்று கண்டதும், தன் பையை எறிந்துவிட்டு அதை வைத்துக்கொள்கிறார். ஆளின் ஆசையும் வறுமையும் வெகுளித்தனமும் அந்தக் கையசைவிலேயே தெரிந்துவிடுகின்றன. பின்னால், கோபத்தில் மகன் அடிக்கும் அடிகளை வாங்கிக்கொண்டு நிற்பது அவர் நடிப்பின் சிகரம்.

அடுத்து 'உகிகுசா மொனோகதாரி' (1934) படத்தில் நாடோடி நாடகக் குழுவின் தலைவர். 'தெகிகொகொரோ'வும் இதுவும் அந்தந்த ஆண்டு கினெமா ஜூன்போ இதழின் தரவரிசையில் முதலிடம் பெற்றன. 'தோக்கியோ நோ யாதோ' (1935) இசை சேர்க்கப்பட்ட படம், வசனம் கிடையாது. அதில் வேலை தேடி அலையும் தகப்பனும் பிள்ளைகளும் வெட்டவெளியில் உட்கார்ந்து, இல்லாத மதுவையும் சோற்றையும் இருப்பதுபோல் பாவித்து உண்கிறார்கள். பசியை இதைவிடக் கண்ணியமாகக் காட்டிய நடிகர் அரிது.

1936-இல் ஷோச்சிகு, ஒலிப்பதிவுக்கு ஏற்ற ஓஃபுனாவுக்கு இடம் மாறியது. அதன்பின் சகமோத்தோவுக்குப் பெரும்பாலும் துணைவேடங்களே கிடைத்தன. 'சிசி அரிகி' (1942) படத்தில் நாயகனின் சக ஆசிரியராக வந்தார். 1947-இல் 'நாகயா ஷின்ஷிரோகு'வில் கிஹாச்சி என்ற பெயரிலேயே சாயத் தொழிலாளியாக நடித்தார். ஜப்பானின் முதல் முழுநீள வண்ணப்படமான 'கார்மென் கோக்கியோ நி கயெரு' (1951) படத்தில் நாயகியின் தந்தை அவரே.