கைநாட்டும் உடன்படிக்கையும்: மனித உரிமை வழக்குகளில் டெல்லியும் கொழும்பும்

இலங்கைப் பாதுகாப்புப் படையினர் 1993 ஜூலையில் நடத்திய ஒரு சுற்றிவளைப்பில், வீட்டில் உறங்கிக்கொண்டிருந்த சிங்கராசா என்ற தமிழர் பிடிபட்டார். அவருக்குச் சிங்களம் தெரியாது. அந்த ஆண்டின் இறுதியில் உதவிப் பொலிஸ் அத்தியட்சகர் ஒருவர் முன் அவர் வாக்குமூலம் அளித்ததாகப் பதிவாயிற்று. அவர் பேசியதைச் சிங்களத்தில் பெயர்த்தவர் ஒரு பொலிஸ் கான்ஸ்டபிள். தட்டச்சான சிங்களத் தாளில் கைநாட்டு வைக்கும்படி கட்டாயப்படுத்தப்பட்டதாகச் சிங்கராசா முறையிட்டார். அந்தத் தாளை வைத்தே கொழும்பு மேல் நீதிமன்றம் 1995இல் அவருக்கு 50 ஆண்டுச் சிறைத்தண்டனை விதித்தது. மேல்முறையீட்டில் அது 35 ஆண்டாகக் குறைந்தது.

இந்தக் கைநாட்டு பின்னர் ஜெனீவாவில் கூடும் ஐ.நா. மனித உரிமைக் குழுவரை போய்க் கொழும்புக்கே திரும்பியது. நாட்டு நீதிமன்றங்கள் சர்வதேச மனித உரிமை உடன்படிக்கைகளை எப்போது ஏற்கின்றன, எப்போது தள்ளுகின்றன என்ற கேள்விக்கு அந்தப் பயணம் நல்ல சான்று. இந்தியாவும் இலங்கையும் இதில் ஒரே சட்டமரபின் பிள்ளைகள். ஆயினும் இரு நாட்டுத் தலைமை நீதிமன்றங்களும் வந்து சேர்ந்த இடங்கள் வேறு. அந்த வேறுபாட்டின் காரணத்தைக் காலவரிசையில் தேடுகிறது இக்கட்டுரை.

கையெழுத்து வேறு, சட்டம் வேறு

இரு நாடுகளும் பிரிட்டிஷ் ஆட்சியிலிருந்து பெற்ற விதி எளியது. உடன்படிக்கையில் கையெழுத்திடுவது அரசாங்கம். சட்டம் இயற்றுவது நாடாளுமன்றம். சட்டமாகாத உடன்படிக்கையைக் காட்டிக் குடிமகன் நீதிமன்றத்தில் உரிமை கோர முடியாது. இதை இருமைக் கோட்பாடு என்பார்கள்.

விதியோடு ஒரு தளர்வும் சேர்ந்தே வந்தது. சர்வதேசச் சட்டத்துக்கு மதிப்பளிக்க அரசு முயல வேண்டும் என்கிறது இந்திய அரசமைப்பின் 51ஆவது பிரிவு. இலங்கையின் 1978ஆம் ஆண்டு அரசமைப்பில் 27ஆவது உறுப்புரையின் 15ஆம் உட்பிரிவும் அதையே சொல்கிறது. இரண்டுமே அரசுக்கான வழிகாட்டு நெறிகள்; நேரடியாக வழக்காட இடம் தராதவை. இந்த நெறிக்கு எவ்வளவு எடை தருவது என்பது நீதிபதியின் கையில் விடப்பட்டது.

டெல்லி: ஐயத்திலிருந்து இடைவெளிக்கு

நெருக்கடிநிலைக் காலத்து ஆட்கொணர்வு வழக்கில், 1976இல், தனித்து நின்ற நீதிபதி எச்.ஆர். கன்னா ஒரு வழியைக் காட்டினார். நாட்டுச் சட்டமும் சர்வதேசச் சட்டமும் நேருக்கு நேர் மோதினால் நாட்டுச் சட்டமே நிற்கும். ஆனால் சட்டத்துக்கு இரு பொருள் கொள்ள இடமிருந்தால், சர்வதேசச் சட்டத்தோடு இசையும் பொருளையே நீதிமன்றம் தேர வேண்டும் என்றார். அன்று அது சிறுபான்மைத் தீர்ப்பு.

குடியியல், அரசியல் உரிமைகளுக்கான சர்வதேச உடன்படிக்கையில் இந்தியா 1979 ஏப்ரலில் இணைந்தது. பத்து மாதத்தில், 1980 பிப்ரவரியில், ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் தீர்ப்பு வந்தது. வங்கிக் கடனைக் கட்டாதவர்களைச் சிறையில் அடைக்கலாமா என்பது கேள்வி. ஒப்பந்தக் கடமையை நிறைவேற்ற இயலாமையை மட்டும் காரணமாக்கி எவரையும் சிறைப்படுத்தக் கூடாது என்கிறது உடன்படிக்கையின் 11ஆம் உறுப்பு. அது இந்தியச் சட்டமாகிவிடவில்லை என்பதை நீதிபதி வி.ஆர். கிருஷ்ண ஐயர் முதலிலேயே ஒப்புக்கொண்டார். பிறகு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 51ஆம் பிரிவை எடுத்து, உடன்படிக்கையின் வெளிச்சத்தில் படித்தார். வசதியிருந்தும் வஞ்சக எண்ணத்தோடு கொடுக்க மறுப்பவரைச் சிறைப்படுத்தலாம். கையில் இல்லாதவரைக் கூடாது. சட்டத்தின் ஒரு சொல்லையும் மாற்றாமலே அதன் பொருள் சுருங்கியது.

அடுத்த படி 1993இல். ஒடிசாவில் காவலில் இருந்த மகனை இழந்த தாய் எழுதிய கடிதமே நிலபதி பெஹெரா வழக்காக எடுத்துக்கொள்ளப்பட்டது. உச்ச நீதிமன்றம் 1,50,000 ரூபாய் இழப்பீடு வழங்க ஆணையிட்டது. சட்டவிரோதக் காவலுக்கு இழப்பீடு கோரும் உரிமையைப் பேசும் உடன்படிக்கையின் 9(5)ஆம் உட்பிரிவை நீதிபதி ஜே.எஸ். வர்மா துணைக்கு அழைத்தார். தன் சட்ட முறையில் அப்படியொரு உரிமை இல்லை என்று, உடன்படிக்கையில் சேரும்போதே இந்தியா அறிவித்திருந்த உட்பிரிவு அது.

1997 ஆகஸ்டில் வந்த விசாகா தீர்ப்பில் நீதிமன்றம் இன்னும் ஓர் அடி முன்னே சென்றது. பணியிடப் பாலியல் தொல்லைக்கு எதிராகத் தனிச் சட்டமே அப்போது இல்லை. பெண்களுக்கு எதிரான பாகுபாடுகளை ஒழிக்கும் உடன்படிக்கையை இந்தியா 1993இல் ஏற்றிருந்ததைச் சுட்டிக்காட்டி, நாடாளுமன்றம் சட்டம் இயற்றும்வரை தன் நெறிமுறைகளே சட்டமாக நிற்கும் என்றது நீதிமன்றம். அந்தச் சட்டம் வர 2013 ஆயிற்று. பதினாறு ஆண்டுக் காலம் ஓர் உடன்படிக்கை, தீர்ப்பின் வழியாக அலுவலகங்களை ஆண்டது.

கொழும்பு: திறந்த வழி, அடைத்த வழி

இங்கே ஒரு சொல்விளக்கம் வேண்டும். தமிழ்நாட்டில் உச்ச நீதிமன்றம் என்று சொல்வதை இலங்கையில் உயர் நீதிமன்றம் என்பார்கள். அதற்குக் கீழ்ப்பட்டவற்றுள் ஒன்று மேல் நீதிமன்றம்.

கொழும்பு உயர் நீதிமன்றமும் தொடக்கத்தில் டெல்லியின் வழியிலேயே நடந்தது. பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழான தடுப்புக்காவல் பற்றிய வீரவன்ச வழக்கில், 2000ஆம் ஆண்டில், நீதிபதி மார்க் பெர்னாண்டோ 27(15)ஆம் உறுப்புரையைச் சுட்டி, இலங்கை சேர்ந்துள்ள குடியியல், அரசியல் உரிமைகள் உடன்படிக்கையை மதிக்க வேண்டும் என்று எழுதினார்.

அந்த உடன்படிக்கையில் இலங்கை 1980இலேயே சேர்ந்திருந்தது. 1997 அக்டோபரில், இந்தியா இன்றுவரை செய்யாத ஒன்றைச் செய்தது: அதன் விருப்ப நெறிமுறையையும் ஏற்றது. உள்நாட்டு வழிகள் தீர்ந்தபின் ஐ.நா. மனித உரிமைக் குழுவிடம் தனிநபர் முறையிட அது வழிசெய்கிறது.

உயர் நீதிமன்றம் 2000இல் மேல்முறையீட்டு அனுமதியை மறுத்ததும் சிங்கராசா அந்த வழியில் போனார். குழு 2004 ஜூலையில் கருத்துரைத்தது. வாக்குமூலம் தானாக முன்வந்து அளித்ததல்ல என்று நிறுவும் சுமையைப் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் 16ஆம் பிரிவு குற்றம் சாட்டப்பட்டவர் தலையில் ஏற்றுகிறது. வெளியாள் ஒருவரை மொழிபெயர்ப்புக்கு வைக்கவில்லை. நியாயமான விசாரணைக்கான உரிமை மீறப்பட்டுள்ளது என்றது. விடுதலை அல்லது மறுவிசாரணை, கூடவே இழப்பீடு என்று பரிகாரமும் சொன்னது.

அந்தக் கருத்துரையோடு சிங்கராசா மீண்டும் உயர் நீதிமன்றத்தின் கதவைத் தட்டினார். 2006 செப்டம்பர் 15 அன்று, தலைமை நீதியரசர் சரத் என். சில்வா தலைமையிலான அமர்வு மனுவைத் தள்ளியது. உடன்படிக்கையில் சேர்ந்தது செல்லும். ஆனால் சட்டம் இல்லாமல் அது நாட்டுக்குள் உரிமை தராது. விருப்ப நெறிமுறையில் சேர்ந்ததோ ஜனாதிபதியின் அதிகாரத்துக்கு அப்பாற்பட்டது. தனிநபருக்கு உரிமை தருவது சட்டமியற்றும் அதிகாரம். அந்த உரிமையை ஆராய்வது நீதித்துறையின் அதிகாரம். இரண்டும் ஜனாதிபதியிடம் இல்லை என்றது தீர்ப்பு.

எது வேறுபடுத்தியது?

டெல்லிக்குத் தாராள மனம், கொழும்புக்குக் குறுகிய மனம் என்று இதை முடித்துவிடுவது எளிது. வழக்குகளின் வடிவம் அப்படிச் சொல்ல விடுவதில்லை. ஜாலியிலும் விசாகாவிலும் உடன்படிக்கை நீதிபதியின் கையில் ஒரு கருவி. அதை எடுத்ததால் நீதிமன்றத்தின் எல்லை விரிந்தது. வீரவன்ச வழக்கிலும் அப்படியே. சிங்கராசா வழக்கில் அதே உடன்படிக்கை, நீதிமன்றம் ஏற்கெனவே முடித்துவைத்த வழக்கைத் தவறு என்று சொல்லும் வெளிக்குரலாக வந்தது. அப்போதுதான் கோட்பாடு இறுகியது.

இந்திய உச்ச நீதிமன்றத்துக்கு அந்தச் சோதனை வரவே இல்லை. விருப்ப நெறிமுறையில் இந்தியா சேராததால் டெல்லித் தீர்ப்பைக் குழுவிடம் கொண்டுபோக எவராலும் முடியாது. அரசின் எல்லைக் கொள்கையைத் தொடும் இடத்தில் டெல்லியும் தயங்குகிறது. ரோஹிங்கியா அகதிகளை நாடுகடத்துவதைத் தடுக்கக் கோரிய மனுவில், 2021 ஏப்ரலில், அகதிகள் உடன்படிக்கையில் இந்தியா சேரவில்லை என்பதைக் குறிப்பிட்டு, உரிய நடைமுறைப்படியே அனுப்ப வேண்டும் என்ற அளவில் நீதிமன்றம் நின்றுகொண்டது.

ஆக, நீதிமன்றம் உடன்படிக்கையைத் துணையாக வரவேற்கிறது, மேலாளாக ஏற்பதில்லை. இருமைக் கோட்பாடு இரண்டுக்கும் இடம் தருகிறது.

இலங்கை நாடாளுமன்றம் 2007இல் 56ஆம் இலக்கச் சட்டத்தை இயற்றி, குடியியல், அரசியல் உரிமைகள் உடன்படிக்கையின் சில உரிமைகளை நாட்டுச் சட்டமாக்கியது. வழக்கு நடக்கும் மொழி புரியாதவருக்கு மொழிபெயர்ப்பாளர் உதவி உண்டு என்கிறது அதன் 4ஆம் பிரிவு. பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் 16ஆம் பிரிவை அது தொடவில்லை. மேலும் சிங்கராசாவின் கைநாட்டு, அந்த மொழிபெயர்ப்பு உதவி கிடைக்கும் நீதிமன்றத்தில் விழவில்லை. வழக்கு தொடங்கும் முன்பே, பொலிஸ் அதிகாரியின் மேசையில், விசாரித்தவர்களுள் ஒருவரே மொழிபெயர்த்த தாளில் அது விழுந்திருந்தது.