சேலத்துக்கு 1861, நாமக்கல்லுக்கு 2013: நம்ம ஊர் ரயில் கதை

1/ அமெரிக்காவை வளர்த்தது ரயில்தான்னு படிச்சிருப்பீங்க. 1869ல் கிழக்கையும் மேற்கையும் தண்டவாளம் இணைச்சது. ஊர்கள், ஆலைகள், சந்தைகள்னு பின்னாடியே வந்தது. ஆனா அதுக்கு 8 வருஷம் முன்னாடியே சேலத்துக்கு ரயில் வந்தாச்சு! அப்போ நமக்கு ஏன் அந்த வளர்ச்சி வரல? கொஞ்சம் நீளமான இழை. பொறுமையா படிங்க.

2/ மெட்ராஸ் ரயில்வே கம்பெனி 1856ல் ராயபுரத்துல ஆரம்பிச்சது. குறி மேற்குக் கடற்கரை. ஜோலார்பேட்டை, சேலம், சங்ககிரி, ஈரோடு, பாலக்காட்டுக் கணவாய் வழியா 1862ல் கோழிக்கோடு பக்கம் பேப்பூர் வரைக்கும் போயிடுச்சு. சேலம் அந்த வழியில இருந்தது, ரயில் கிடைச்சது. நாமக்கல் வழியில இல்ல. அவ்ளோதான்.

3/ பணம் போட்டது லண்டன்காரங்க. அவங்களுக்கு 5% வட்டி உறுதி. லாபம் குறைஞ்சா மிச்சத்தை இந்திய வரிப்பணத்துல இருந்து கட்டணும். அதாவது ரிஸ்க் நம்ம விவசாயிக்கு, வட்டி அவங்களுக்கு.

4/ அடுத்து இரும்பு. அமெரிக்காவுல தண்டவாளத் தேவையே எஃகு ஆலைகளை வளர்த்தது. கார்னகி 1875ல் பிட்ஸ்பர்க் பக்கத்துல தொடங்கின ஆலை வடிச்சதே தண்டவாளம்தான். நமக்கு? கஞ்சமலையில இரும்புத் தாது கொட்டிக் கிடந்தது. ஹீத் என்கிற ஆங்கிலேயர் 1830கள்லயே சேலத்துத் தாதுவை வெச்சு பரங்கிப்பேட்டையில இரும்பு வடிச்சார். ஆனா ரயில் வந்தப்போ தண்டவாளமும் இன்ஜினும் இங்கிலாந்துல இருந்து கப்பல்ல இறங்குச்சு. பரங்கிப்பேட்டை ஆலை படுத்துடுச்சு.

5/ இதைவிடக் கொடுமை 1876-78. நம்ம பெரியவங்க சொல்ற தாது வருஷப் பஞ்சம். சேலம் ஜில்லாவுல ரயில் ஓடுது. வெளியூர்ல இருந்து அரிசி வருது. ஆனா வைஸ்ராய் லிட்டன், தானிய வியாபாரத்துல அரசு தலையிடக் கூடாதுன்னு பிடிவாதமா இருந்தார். விலை எகிறுச்சு. மழை இல்ல, வேலை இல்ல, கையில காசும் இல்ல. சாப்பாடு ஸ்டேஷன் வரைக்கும் வந்தது, வயித்துக்கு வரல.

6/ ஒரு டாக்டரா என்னை ரொம்ப பாதிச்ச பகுதி இது. ரிச்சர்ட் டெம்பிள் நிவாரணக் கூலியை ஒரு நாளைக்கு ஒரு பவுண்டு தானியமும் கொஞ்சம் காசும்னு குறைச்சார். ஒரு பவுண்டுன்னா சுமார் 450 கிராம். பகல் முழுக்க மண் சுமக்கிற ஆளுக்கு! மெட்ராஸ் மாகாண சுகாதாரக் கமிஷனர் டாக்டர் கார்னிஷ், இதுல மனுஷன் உடம்பு தேறாது, பருப்பு வேணும், அளவு கூடணும்னு எழுத்துல சண்டை போட்டார். சில மாசம் கழிச்சு கூலி ஏறுச்சு. அதுக்குள்ள எத்தனையோ உயிர் போயிடுச்சு.

7/ சென்சஸ் பாருங்க. சேலம் ஜில்லா 1871ல் சுமார் 19.7 லட்சம். 1881ல் சுமார் 16 லட்சம். (அப்போ தருமபுரி, கிருஷ்ணகிரி, நாமக்கல் எல்லாம் இதுக்குள்ளதான்.) எல்லாமே சாவு இல்ல. ஊரைவிட்டுப் போனவங்க, பிறக்காம போன குழந்தைகளும் இந்தக் கணக்குல உண்டு. ஆனாலும் பத்து வருஷத்துல மூன்றரை லட்சத்துக்கு மேல குறைஞ்சது.

8/ அப்போ ரயில் கெட்டதா? இல்லங்க. பின்னாடி பஞ்சத்துக்குன்னு விதிமுறைகள் வந்தப்போ, அதே ரயில்தான் தானியத்தைச் சீக்கிரம் கொண்டு போக உதவுச்சு. மருந்து கடையில இருக்கறதும் நோயாளி கையில கிடைக்கறதும் வேற வேற. ரயிலும் அப்படித்தான்.

9/ இப்போ நாமக்கல். சேலம்-கரூர் பாதையில பயணிகள் ரயில் ஓட ஆரம்பிச்சது 2013ல்! 150 வருஷம் ரயில் இல்லாத ஊர் சும்மா இருந்ததா? லாரி வாங்குச்சு, லாரிக்கு பாடி கட்டுச்சு. திருச்செங்கோடு ரிக் வண்டி நாடு முழுக்க போர் போடுது. முட்டை லாரியில ஏறி ஊர் ஊராப் போகுது. ரயில் இல்லாதது மட்டுமே காரணம்னு சொல்ல மாட்டேன். ஆனா இங்க வண்டியும் லாபமும் கடனும் ஊர்க்காரங்களோடது. பட்டறை வேலையும் உள்ளூர்லயே தங்குச்சு.

10/ அதனால அடுத்த தடவை உங்க ஊருக்குப் புது ரோடு, புது பாதைன்னு பேச்சு வந்தா மூணு கேள்வி கேளுங்க. காசு யாரோடது? வேலை யாருக்கு? டிக்கெட் எடுக்க முடியாதவங்களுக்கு என்ன வழி?

உங்க வீட்டுப் பெரியவங்க தாது வருஷப் பஞ்சம் பத்திச் சொல்லிக் கேட்டிருந்தா கீழ எழுதுங்க. இதெல்லாம் மறந்து போகக் கூடாது.