மகாத்மா காந்தி (ஆவணப்படம், 1940)

பழைய படச்சுருள்களைத் தேடித் தொகுத்து ஏ. கே. செட்டியார் உருவாக்கிய தமிழ் ஆவணப்படம். கோட்டையூரைச் சேர்ந்த பயண எழுத்தாளரான செட்டியார் டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்றவர். 1937 அக்டோபரில், நியூயார்க்கிலிருந்து கப்பலில் அயர்லாந்துக்குச் செல்லும்போது இந்தப் படத்துக்கான எண்ணம் அவருக்குத் தோன்றியது.

அப்போது காந்தியைப் பற்றிய காட்சிகள் ஓரிடத்தில் இல்லை. தண்டி யாத்திரை, 1931 லண்டன் வட்டமேஜை மாநாடு போன்ற நிகழ்வுகளைச் செய்திப்பட நிறுவனங்கள் படமாக்கியிருந்தன. ஆனால் அவை பல நாடுகளில் சிதறிக் கிடந்தன. செட்டியார் ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம் செய்து, முப்பதாண்டுக் காலத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட ஒளிப்பதிவாளர்கள் எடுத்திருந்த காட்சிகளில் சுமார் 50,000 அடி திரட்டினார். அதிலிருந்து 12,000 அடிப் படம் உருவானது. நான்கில் மூன்று பங்கை ஒதுக்கிய இந்தத் தேர்வே படத்தின் உண்மையான ஆக்கம். தொகுப்புப்படத்தில் இயக்குநரின் கை தெரியுமிடம் வெட்டுமேசைதான். மௌனப்படக் காலத்துச் சுருள்கள் பேசும்பட வேகத்தில் ஓடினால் மனிதர்கள் ஓட்டமும் நடையுமாகத் தெரிவார்கள் என்பது இத்தகைய தொகுப்பாளர் எவருக்கும் உள்ள சிக்கல்.

ஆங்கிலேய ஆட்சியிலேயே, 1940 ஆகஸ்டில் படம் வெளியானது. தெலுங்கு விவரணையுடனும் வந்தது. 1953இல் ஹாலிவுட்டில் ஆங்கில வடிவம் தயாரானது. காட்சிகளைத் தேடி அலைந்த அனுபவங்களைச் செட்டியாரே கட்டுரைகளாக எழுதினார். அவை ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்ற நூலாக வந்துள்ளன.