சிப்பைத் தொடும் முன் ஒரு நகல்

1999 ஏப்ரல் 26 அன்று பல நாடுகளில் கம்ப்யூட்டரை ஆன் செய்த பலருக்குக் கறுப்புத் திரைதான் மிச்சம். தைவானைச் சேர்ந்த சென் இங்-ஹாவ் மாணவராக இருந்தபோது எழுதிய சிஐஎச் வைரஸ், ஹார்ட் டிஸ்க்கை மட்டுமல்லாமல் சில மதர்போர்டுகளின் பயாஸையும் அழித்திருந்தது. எந்திரம் எழுந்ததும் முதலில் ஓடும் நிரலே போய்விட்டால், பிறகு ஓட எதுவும் இல்லை.

பயாஸ் குடியிருந்த பழைய ஈப்ராம் சிப்பை அழிக்க, அதன் கண்ணாடிச் சன்னல் வழியே புற ஊதா ஒளி பாய்ச்ச வேண்டும். ஃபிளாஷ் சிப் வந்தபின் மென்பொருளே பயாஸைத் திருத்தலாம் என்றானது. வசதியும் ஆபத்தும் ஒரே கதவு வழியாக நுழைந்தன.

அதே 1999இல், அமெரிக்காவின் லாஸ் அலமோஸ் ஆய்வகத்தில் ரான் மின்னிச், லினக்ஸ்பயாஸ் என்ற மாற்றுப் பயாஸ் திட்டத்தைத் தொடங்கினார். வரிசையாக அடுக்கிய எந்திரங்களில் ஒவ்வொன்றும் கீபோர்டு இல்லையென்று அடம்பிடித்து நின்றால், கிளஸ்டரை எப்படி நடத்துவது? 2008 முதல் அந்தத் திட்டத்தின் பெயர் கோர்பூட்.

சோதனை என்றால் சிப்பில் திரும்பத் திரும்ப எழுத வேண்டும்; ஒரு பிழை போதும், போர்டு செத்துவிடும். அதற்கு அந்தத் திட்டத்தினர் கண்ட வழி துணிச்சலானது. நல்ல சிப்பை வைத்து எந்திரத்தை எழுப்புவார்கள். லினக்ஸ் ஓடத் தொடங்கியதும் பயாஸ் சிப்பின் வேலை முடிந்துவிடும். கரண்ட் ஓடிக்கொண்டிருக்கும்போதே அதைச் சாக்கெட்டிலிருந்து கழற்றி, வேறு சிப்பைச் செருகி எழுதுவார்கள். பிடித்துத் தூக்க வாகாக, சிப்பின் தலையில் ஒரு புஷ்பின்னை ஒட்டிவைத்தவர்களும் உண்டு! அந்தத் திட்டத்துக்குள் பிறந்த ஃபிளாஷ்ரோம் என்ற கருவி, எழுதியதை மறுபடி படித்துச் சரிபார்த்தது.

பிறகு சிப் எட்டுக்கால் பூச்சியாகச் சுருங்கி, போர்டிலேயே பற்றவைக்கப்பட்டது. இப்போது சிப்பின் கால்களைக் கவ்வும் கிளிப்பும், சிஹெச்341ஏ என்ற மலிவான புரோகிராமரும்தான் ஆயுதம். அந்தப் புரோகிராமரின் கறுப்பு வகை பலவற்றில், 3.3 வோல்ட் சிப்பின் டேட்டா கால்களுக்கு 5 வோல்ட் போய்விடுகிறது. அனுபவசாலிகள் முதலில் மீட்டரை எடுத்து அதைத்தான் பார்க்கிறார்கள். திங்க்பேட் எக்ஸ்230 லேப்டாப்பில் 8 எம்பி, 4 எம்பி என இரண்டு சிப்புகள். எழுதும் முன் ஒவ்வொன்றையும் குறைந்தது இருமுறை படித்து நகலெடுத்து ஒப்பிட வேண்டும்; ஒத்துப்போகவில்லை என்றால் பெரும்பாலும் கிளிப் சரியாக உட்காரவில்லை. அந்த நகலில் அந்த எந்திரத்துக்கே உரிய நெட்வொர்க் முகவரி இருக்கிறது. ஆகவே அதே மாடல் வைத்திருக்கும் நண்பரின் ஃபைல் அதற்கு முழு மாற்றாகாது.

2013இல் இன்டெல் கொண்டுவந்த பூட் கார்டு என்ற காவல் வசதியை உற்பத்தியாளர் இயக்கிவிட்டால், அவர் கையொப்பமிடாத பயாஸைப் பிராசஸரே ஏற்காது. அதற்கு முந்தைய திங்க்பேடுகளை இன்னமும் தேடி வாங்குவோர் இருப்பதற்கு இதுவும் ஒரு காரணம்.